என் இனிஷியலாக இருந்தவளுக்கு

கேரம் பலகை எங்கே தெரிந்தாலும் நின்று ஓர் ஆட்டம் பார்க்காமல் நகராத என் பிலோவுக்கு,

இங்கே இன்று கடற்காற்று. மணலிப் பக்கத்து ஆலை வாசனை வரவில்லை. திருவொற்றியூர் மாடியில் நம் ஜன்னல்கள் இரண்டையும் திறந்து வைத்துவிட்டு எழுதுகிறேன். அங்கே உனக்குக் காற்று எந்தப் பக்கமிருந்து வருகிறது?

நீ போய் ஒரு வருடம் ஆகிவிட்டது. எண்ணூர் சாலையில் கன்டெய்னர் லாரிகள் இன்னும் அப்படியேதான் நிற்கின்றன, ரயிலாக மாற ஆசைப்பட்டவைபோல, ஒன்றன் வாலை ஒன்று பிடித்துக்கொண்டு. லாரிகளுக்கு நடுவில் இருக்கும் சந்துகளில்தான் நமக்குக் கடல். ஒரு வண்டி நகர்ந்தால் கொஞ்சம் நீலம். “கறிக்கடையில மாதிரி துண்டு போட்டுத் தரான்மே” என்பாய்.

நேற்று மாலை அப்படி ஒரு சந்தில் துபாஷியையும் படகோட்டியையும் பார்த்தேன். என் முதல் நாவலின் அந்த இரண்டு ஆண்கள்தான். கம்பெனிக்காரர்களுக்கு மொழிபெயர்த்துச் சொல்லும் துபாஷியும், அலையில் நனையாமல் அவரைத் தோளில் சுமந்து கரை சேர்க்கும் படகோட்டியும். கருங்கல் தடுப்பின் மேல் உட்கார்ந்து ஒரே பொட்டலத்திலிருந்து சுண்டல் தின்றுகொண்டிருந்தார்கள். படகோட்டி அவர் காதில் ஏதோ சொன்னான். துபாஷி தலைப்பாகை அவிழச் சிரித்தார். லாரி நகர்ந்தது. அடுத்த சந்தில் வெறும் கடல்.

நான் எழுதி முடித்தவர்கள் எல்லாம் இப்போது இப்படி வந்துபோகிறார்கள். நீ மட்டும் ஏன் வருவதில்லை?

ஒரு சேதி சொல்ல வேண்டும், பிலோ. என் நாவல்கள் எல்லாவற்றையும் புதிய அட்டையோடு ஒரே வரிசையாகக் கொண்டுவரப் போகிறார்கள். துபாஷி, பழவேற்காட்டுச் சாயக்காரி, கலங்கரைக்கு எண்ணெய் ஊற்றுகிறவள், எல்லாமே. ஆனால் ஒரு சிக்கல். சமையல் புத்தகம் எழுதும் இன்னொரு பி. சுமதி இருக்கிறாராம். கடைகளில் இரண்டு பேரையும் ஒரே அடுக்கில் வைத்துவிடுகிறார்கள். எனக்கு வந்த கடிதம் ஒன்றில் ஒருவர் என் மாங்காய் ஊறுகாயைப் புகழ்ந்திருந்தார். வத்தக்குழம்பு தேடிப் போன ஓர் அம்மா சாயக்காரியை வாங்கி, அவளும் அந்த நெசவுக்காரியும் ஆற்றங்கரையில் கைபிடிக்கும் இடம்வரை படித்துவிட்டு, இதே ஆள் எழுதிய மற்றதெல்லாம் இருக்கிறதா என்று கடையில் கேட்டிருக்கிறார்.

“மேடம், இனிஷியல முழுப் பேரா விரிச்சுட்டா குழப்பம் தீர்ந்தது. பி-ன்னா என்ன?” என்று பதிப்பாளர் போனில் கேட்டார்.

யோசித்துச் சொல்கிறேன் என்றேன்.

“சொந்த இனிஷியலுக்கா மேடம் யோசனை?” அவர் சிரித்தார்.

உனக்கு ஞாபகம் இருக்கிறதா? என் சான்றிதழ்களில் எல்லாம் நான் கோ. சுமதி. அப்பா கோதண்டம். பெண்ணுக்கு முன்னால் அப்பா நிற்பார், பிறகு அந்த இடத்தில் புருஷன் வந்து நிற்பான் என்பதுதான் ஊர் வழக்கம். அப்போது நான் யானைக்கவுனி அச்சகம் ஒன்றில் பிழைதிருத்திக்கொண்டிருந்தேன். என் முதல் நாவலின் அட்டையும் திருத்தத்துக்கு என் மேஜைக்கே வந்தது. மற்றவர்களின் பிழைகளுக்கு வைத்திருந்த சிவப்புப் பேனாவால் ‘கோ’வை அடித்துவிட்டு மேலே ‘பி’ என்று எழுதினேன். யாரும் ஒன்றும் கேட்கவில்லை. அப்பா புத்தகத்தை வாங்கி, அட்டையைப் பார்த்துவிட்டு, ஃபிரிட்ஜ் மேல் வைத்தார். அவர் இருந்தவரை அது அங்கேயே இருந்தது.

புத்தகம் வந்த அன்று மாலை நீ துறைமுகத்து வேலை முடிந்து வந்து பலகையில் பவுடர் தூவிக்கொண்டிருந்தாய். கேரம் ஆடி வாங்கிய வேலை என்பதால் ஒருநாள்கூட ஆட்டத்தை விடமாட்டாய். புத்தகத்தைப் பலகையின் மேல் வைத்தேன். பவுடர் விரலை அந்த எழுத்தின் மேல் வைத்தாய்.

“இது இன்னாது?”

“நீதான்.”

பிறகு எனக்கு ஆட்டம் தெரியாது என்பதால் மெதுவாக விளக்கினாய். நடுவில் இருக்கும் ‘ரெட்’ என்ற சிவப்புக் காயைக் குழியில் தள்ளினால் மட்டும் அது நம்முடையதாகிவிடாது. அடுத்த அடியிலேயே இன்னொரு காயையும் தள்ள வேண்டும். அதற்குப் பெயர் ஃபாலோ. அதைத் தவறவிட்டால் சிவப்பு மறுபடி நடுவில் வந்து உட்கார்ந்துகொள்ளும்.

“ரெட்டு போட்டுட்டமே. ஃபாலோ எப்போ?” என்றாய். முகம் முழுக்கச் சிரிப்பும் பவுடரும்.

அதற்கு நான் என்ன பதில் சொன்னேன் என்பது மட்டும் நினைவில் இல்லை. சொல்லியிருக்கவே மாட்டேனோ?

புத்தகக் கண்காட்சியில் ஒரு பெரியவர் கையெழுத்து வாங்கிக்கொண்டே, “பி-ன்னா வீட்டுக்காரராம்மா?” என்று கேட்டார். பின்னால் புத்தகக் கட்டைச் சுமந்துகொண்டு நின்ற நீ, “ஆமா சார். ரொம்ப முசுடு” என்றாய். அவர் எனக்காக வருத்தப்பட்டுவிட்டுப் போனார். சரித்திரத்தில் இதெல்லாம் எங்கே இருந்தது என்று ஒருவர் மேடையிலேயே என்னைக் கேட்டபோது, “இவுரு போய் பாத்துட்டு வந்தாராமா?” என்று முதல் வரிசையிலிருந்து உன் குரல்தான் கேட்டது.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானங்களில் நான் அத்தியாயத்தைப் படிப்பேன், நீ தனியாக ஆடிக்கொண்டே கேட்பாய். உன் ஸ்ட்ரைக்கர் சத்தம் நின்றுவிட்டால் அத்தியாயம் தேறியது. டக், டக் என்று தொடர்ந்தால் கிழித்துவிட வேண்டியதுதான். எனக்கு வாய்த்த விமர்சனம் அவ்வளவுதான். அதைவிடச் சரியான ஒன்றை நான் பார்த்ததில்லை. இப்போது வீட்டில் எந்தச் சத்தமும் இல்லை. எதைப் படித்தாலும் நன்றாக இருப்பதுபோலவே இருக்கிறது. எதைக் கிழிப்பது என்று எனக்கு எப்படித் தெரியும்?

கலங்கரை நாவலின் முதல் முடிவில் இரண்டு பெண்களும் கடலில் போய்விடுவார்கள். நீ அடித்த அடியில் காய் பலகையைத் தாண்டிப் பறந்தது.

“தண்ணில தள்ளி வுட்டா கத முட்ஞ்சிதா? நாங்க அந்தக் கடல்லதான் சோறு துன்றோம். ரெண்டு பேரும் கெழவியாவணும். சண்ட போடணும். சாவடிச்சின்னா இனிமே நான் கேக்க மாட்டேன்.”

மாற்றி எழுதினேன். இரண்டு கிழவிகள், முட்டிவலியோடு, இன்று விளக்கேற்றப் படியேறுவது யார் முறை என்று சண்டை போடுவதில் அந்த நாவல் முடிகிறது. அதற்குப் பிறகு என் கதைகளில் காதலர்கள் யாரும் சாகவில்லை. நீதான் உன் விதியை நீயே மீறிவிட்டாய்.

இன்னொன்றும் கேட்பாய். “ஏன்மே, அல்லாரையும் எரநூறு வருசம் பின்னாடியே கொண்டும்போய் வுடற?” அங்கே வந்து யாரும் நம்மைத் தேடமாட்டார்கள் என்பேன். “தேடினாத்தான் இன்னா?” என்று கேட்டுவிட்டு அடுத்த காயைப் பார்ப்பாய்.

மருத்துவமனையில் கேட்டுவிட்டார்கள், பிலோ. “நீங்க இவங்களுக்கு என்ன வேணும்?” என்று ஒரு நர்ஸ். என் நாவல்களில் அதற்கு எத்தனை பதில்கள் வைத்திருந்தேன்! படகுக்காரர்கள் துபாஷியையும் படகோட்டியையும் ‘ஒரே துடுப்பு’ என்பார்கள். நெசவுத் தெருவில் தறி நூலை வைத்து ‘ஒரே பாவு’ என்பார்கள். எல்லாம் நானே உண்டாக்கிய சொற்கள். அந்த வராந்தாவில் “கூட இருக்கேன்” என்றேன். ரத்த சொந்தம் யாரையாவது வரச்சொல்லுங்கள் என்றார். உன் அண்ணன் அந்தோணி ராயபுரத்திலிருந்து வந்தார். உன் கட்டிலருகே இருந்த ஒரே நாற்காலியை என் பக்கம் தள்ளிவிட்டு, அவர் நின்றுகொண்டார்.

ஆனால் தெருமுனையில் வைத்த அஞ்சலி பேனரில் நான் இல்லை. கோப்பையோடு நீ சிரிக்கும் படம். கீழே ‘கண்ணீருடன்’ என்று போட்டு அண்ணன், அண்ணி, அவர்கள் மகள் ஜெனி. கடைசியில் ‘மற்றும் கேரம் நண்பர்கள்’. அந்தக் கடைசி வரியில்தான் நான் இருக்கிறேனா என்று நின்று பார்த்தேன். நான் கேரம் ஆடத் தெரியாதவள்.

போன ஞாயிறு உன் நினைவுத் திருப்பலி. முடிந்து ராயபுரம் வீட்டில் சாப்பாடு. இலை போட்டதும் கேட்டுவிட்டேன்.

“அண்ணே, என் புஸ்தகத்துல பேருக்கு முன்னாடி ஒரு பி இருக்கில்ல...”

“தெரியும்” என்றார் அண்ணன், குனிந்தபடியே. “உங்கப்பா பேரு கோதண்டம்னு எனக்குத் தெரியாதா?”

எஸ்தர் அண்ணி கரண்டியோடு நின்றுவிட்டாள். “அத்த இப்ப இன்னாத்துக்கு நோண்டற?”

“முழுசா போடச் சொல்றாங்க அண்ணி. பிலோமினா சுமதின்னு.”

“ஜெனிக்குப் பேசிகினுகீறோம் சுமதி. மாப்ள வூட்ல பட்ச்சவங்க. புக்கு கடைக்கெல்லாம் போவாங்க. இப்பப் போய் இந்த பேஜாரு வோணுமா?”

அவள் கேட்டதில் தப்பில்லை. பெண்ணைப் பெற்றவள். வேண்டாம் என்றால் விட்டுவிடலாம் என்றுதான் போயிருந்தேன். சமையல் பி. சுமதியோடு ஒரே அடுக்கில் காலம் தள்ளிவிடலாம். எழுந்துவிடலாமா என்று நினைத்தபோது அண்ணன் நிமிர்ந்தார்.

“பேரு அவுளுது. அவ குட்த்தாளா?”

அந்த மாலையைச் சொன்னேன். பவுடர் விரல், முதல் அட்டை, நீ கேட்ட கேள்வி. அதை உன் குரலிலேயே சொல்லிவிட்டேன்போல. அண்ணன் சோற்றிலிருந்து கையை எடுத்துவிட்டார். சிரிப்பாகத்தான் ஆரம்பித்தது, பிறகு வேட்டி நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

“ஐயே, அப்ப இத்தினி வருசமா ரெட்டு நடுவுலயேவா குந்திகினுகீது?”

நான் தலையாட்டினேன்.

“போடு. மாப்ள வூட்டுக்கு நானே போய் சொல்லிக்கறேன். அட்டயப் பாத்து தெரிஞ்சிக்க வோணாம்.”

அண்ணி அண்ணனை ஒரு பார்வை, என்னை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு பெரிய வஞ்சிரத் துண்டு ஒன்றை என் இலையில் வைத்து, “துன்னு, ஆறுது” என்றாள். அது சம்மதமா, பேச்சை முடித்ததா? நீ இருந்திருந்தால் சொல்லியிருப்பாய். திரும்பி வரும்போது பஸ்ஸிலும் அந்த மீன் வாசனை என் கையில் இருந்தது. வழியெல்லாம் கடல் துண்டு துண்டாகக் கூடவே வந்தது. ஒரு துண்டில் கலங்கரைக் கிழவிகள் படியில் உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார்கள்.

இன்று காலையில் பதிப்பாளருக்குச் சொல்லிவிட்டேன். எழுத்து எழுத்தாகச் சொன்னேன். ‘மி’யா, ‘மீ’யா என்று மட்டும் கேட்டார். உன் பெயரில் என்னைப் பிழைதிருத்தச் சொன்ன முதல் ஆள்.

இனி ஒன்று, பிலோ. அடுத்த நாவலை இருநூறு வருடம் பின்னால் கொண்டுபோய் ஒளித்துவைக்கமாட்டேன். அது ராயபுரத்தில், இப்போது, ஒரு பெண் பலகை மேல் குனிந்து பவுடரை ஊதுவதில் தொடங்கும். அவளுக்குப் பக்கத்தில் ஆடத் தெரியாத ஒருத்தி உட்கார்ந்து படித்துக்கொண்டிருப்பாள். இருவரும் கிழவியாவார்கள். சண்டை போடுவார்கள். அந்தக் கதையில் உன் விதியை நான் மீறமாட்டேன், சத்தியமாக.

நீ கேட்ட ஃபாலோ இதோ, கீழே என் கையெழுத்தில் இருக்கிறது. குழியில் விழும் சத்தம் அங்கே கேட்கிறதா?

உன் வீட்டுக்காரி,
பிலோமினா சுமதி