முல்தெ விளையும் சதுப்பு

ஹால்வர்,

"கணினியப் பாத்துப் பாத்துக் கண்ணு எரியுது, எங்கயாவது கூட்டிட்டுப் போ" என்று நீ கெஞ்சியதால்தான் உன்னை மலைக் குடிலுக்கு அழைத்து வந்தேன். கிடைப்பதற்கு அரிய முல்தெப் பழம் தானாக விளையும் எங்கள் சதுப்பையும் காட்டினேன். அப்பா அந்த இடத்தை அம்மாவிடம்கூடச் சொன்னதில்லை. முல்தெ விளையும் இடத்தை இங்கே யாருமே வெளியே சொல்வதில்லை என்பது உனக்கும் தெரியும்.

வெறுங்காலோடு சேற்றில் நடந்தாய். தலைவலி போனது, தூக்கம் வந்தது. எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது.

இன்று பழம் பறிக்கப் போனேன். பாதை நெடுக கார்கள். பக்கத்துக் குடில்காரி ஓடில் வாளி நிறையப் பழத்தோடு எதிரே வந்தாள்.

"உன் வீட்டுக்காரர் புண்ணியத்துல இந்த வருஷம் எங்க வீட்லயும் ஜாம்" என்று சிரித்தாள். நீ இணையத்தில் போட்ட படத்தைக் காட்டினாள். சதுப்புக்குப் பின்னால் ஏரியும் மலையும் அப்படியே தெரிகின்றன. "திரையை விட்டேன், கண் குணமானது" என்று அதற்கு அடியில் எழுதியிருக்கிறாய்.

அதை எந்தத் திரையில் எழுதினாய்?

சதுப்பில் மிஞ்சியது செருப்புத் தடம்தான். அப்பா எனக்குக் காட்டிய சதுப்பு இன்னொன்றும் இருக்கிறது. நாளை அங்கே தனியாகப் போகிறேன். எங்கே என்று கேட்காதே.

உன் மனைவி,
இப்போதைக்கு.