சாக மறுத்த மாட்டுத்தலையன்

வியாழன், இரவு.

மரண அறிவித்தல்: கிரீட் தீவைப் பிறப்பிடமாகவும் ஷ்லீரன் ஊரை வதிவிடமாகவும் கொண்ட மாட்டுத்தலை அரக்கன் மினோட்டார், இன்று மாலை பள்ளி மேடையில் சாக மறுத்துவிட்டார். உற்றார், உறவினர் அழ வேண்டியதில்லை.

மினோட்டார் நான்தான். என்னைக் கொல்ல வந்த வீரன் தீசியஸ், என் வகுப்பு நண்பன் லூக்கா. மூன்றாவது வெட்டில் நான் விழ வேண்டும். அந்த வெட்டை அவன் மரவாளால் என் தலையிலேயே போட்டான். நான் விழவில்லை. உறுமிக்கொண்டு குனிந்து பாய்ந்தேன். கொம்பு அவன் வாயைக் கிழித்தது. அது நிஜக் கொம்பு, அவனே தன் மாமாவின் பண்ணையிலிருந்து கொண்டுவந்தது. வெள்ளை உடுப்பெல்லாம் இரத்தம். ஒரு பல் மேடையில் உருண்டது. சனம் நடிப்பென்று நினைத்துக் கைதட்டியது.

காரில் அம்மா கேட்டார். "அந்தப் பெடியன் உனக்கு என்னடா செய்தவன்?"

"ஒவ்வொரு முறையும் அவன்தானேம்மா வெல்லுறவன். இண்டைக்கு மாடு வெண்டிட்டுது."

"பல்லுப் போன பிள்ளையின்ர தாய்க்கு நான் என்னெண்டு முகம் குடுக்கிறது?"

கைப்பேசியை எடுத்து வகுப்பு வாட்ஸ்அப் குழுவில், வேண்டுமென்றேதான் முட்டினேன் என்று எழுதினேன். சிரிப்பு முகங்கள் குவிந்தன.

உண்மையில் அந்த வெட்டில் நான் போட்டிருந்த மாட்டுத்தலை முகமூடி திரும்பி, கண் ஓட்டைகள் காதுப் பக்கம் போய்விட்டன. உள்ளே கும்மிருட்டு. மூச்சு முட்டியது. உறுமல் இல்லை அது, அழுகை. யாரோ இரண்டு கைகளால் என் தலையை மெல்லப் பிடித்தார்கள். பயத்தில் அந்தப் பக்கமே பாய்ந்தேன். லூக்கா வாளைக் கீழே போட்டுவிட்டு, தலையை நேராக்கிவிடத்தான் வந்திருக்கிறான்.

குழுவில் அவன் மட்டும் இன்னும் ஒன்றும் எழுதவில்லை.