மேடையில் சொன்ன ‘நாங்க’

எளிமை வாழ்க்கைப் பேச்சாளர் அவர்களுக்கு,

உங்கள் வீட்டுக்காரி எழுதிக்கொள்வது. நானும் ஆடுகளும் நலம். உங்கள் நலத்தை மகள் போனில் போட்டுக் காட்டினாள். மேடை, மைக், கசங்காத பருத்திச் சட்டை. நன்றாகச் சதை போட்டிருக்கிறீர்கள்.

வேலையை விட்டு, வீட்டை விற்று, மண்ணை நம்பிப் பிழைக்கலாம் என்று என்னை இங்கே கூட்டி வந்தது நீங்கள். வேண்டாம் என்று அழுதவள் நான். ஒரு வருடம்கூட ஆகவில்லை, பல் வலி என்று நகரத்துக்குக் கிளம்பினீர்கள். "ரெண்டே நாள்ல வந்துடறேன்" என்றீர்கள். ஒரு பல்லைப் பிடுங்க இரண்டு வருடமா ஆகும்?

பேச்சில் சொல்கிறீர்கள்: "நாங்க கடையில உப்பு மட்டும்தான் வாங்குறோம். கிணத்தைக்கூட நாங்களே தூர் வாரினோம்." கூட்டம் கை தட்டுகிறது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அந்த ‘நாங்க’வில் யார் யார்? கயிற்றை மரத்தில் கட்டிவிட்டு உள்ளே இறங்கியவள் நான். மேலே நின்று சேற்று வாளியை இழுத்தவள் மகள். நீங்கள் எந்தப் பக்கம் நின்றீர்கள்?

முதல் வருடம் மூட்டை கட்டிவிடத்தான் நினைத்தேன். இப்போது துரத்தினாலும் போக மாட்டேன். விதைத்ததைத் தின்கிறேன், கிழிந்ததைத் தைத்துக் கட்டுகிறேன், நிம்மதியாகத் தூங்குகிறேன். இந்தச் சுகத்தைக் காட்டியது நீங்கள்தான். அதற்காகவும் உங்கள் மேல் கோபம்தான்.

ஞாயிற்றுக்கிழமை ரசிகர்களை வேனில் கூட்டி வருகிறீர்களாம். "நம்ம தோட்டத்துச் சாப்பாடு" தயாராக இருக்க வேண்டும் என்று மகளிடம் உத்தரவு வேறு. தாராளமாக வாருங்கள். நான் அடுப்பே பற்றவைக்கப் போவதில்லை. கிழங்கு மண்ணுக்குள் இருக்கிறது, தோண்டி எடுங்கள். விறகு பிளக்கக் கோடரி வாசலிலேயே இருக்கும். பாலும் நீங்களே கறந்து காட்டுங்கள். புது ஆளென்றால் வெள்ளாடு உதைக்கும், அவ்வளவுதான். நான் விருந்தாளிகளோடு முன்வரிசையில் உட்கார்ந்து கை தட்டுவேன்.

வராமல் நழுவிவிடலாம் என்று நினைக்க வேண்டாம். வேன் ஓட்டுநருக்கு மகளே போன் போட்டு வழி சொல்லிவிட்டாள். நீங்கள் இல்லாவிட்டாலும் அவர்கள் வருவார்கள். அப்போது நான் பேச வேண்டியிருக்கும்.

எல்லாம் முடிந்து அவர்கள் திரும்பும்போது நீங்களும் வேனில் ஏறிக்கொள்ளலாம். தடுக்க மாட்டேன். ஏறவில்லை என்றால், மறுநாள் விடிந்ததும் கோழிக்கூண்டைத் திறப்பது உங்கள் வேலை.

உங்கள் உள்ளங்கை கொப்புளிக்காமல் இருக்கட்டும் என்று வேண்டிக்கொள்ளும்,

இன்னமும் உங்கள் மனைவி.