திரும்பி வராத விமானம்

கருவாடு அடுக்கும் என் கிட்டங்கிச் சுவரில் இன்று காலை சினிமா நோட்டீஸ் ஒட்டிவிட்டுப் போயிருக்கிறார்கள். வாலில் தீப்பிடித்த விமானம், அதற்குக் கீழே பல்லைக் காட்டிச் சிரிக்கிற வெள்ளைக்காரன். பசை இன்னும் காயவில்லை. கருவாட்டு வாடையையும் மீறி அந்தப் புளித்த நாற்றம் மூக்கில் ஏறியதும் மூட்டை மேல் உட்கார்ந்துவிட்டேன். அதே படம். பாம்பன் கொட்டகையில் நீயும் நானும் மணலில் உட்கார்ந்து பார்த்தது.

பாகிஸ்தான் சண்டை நடந்துகொண்டிருந்த சமயம். உன் மகன் விமானப் படையில் இருந்தான். நீ சொந்த வள்ளத்தில் கடலுக்குப் போகிற சம்மாட்டி; உன் வள்ளத்து மீனை வாங்கிக் கருவாடு போடுகிறவன் நான். என் கடையில் ரேடியோ இருந்ததால் தினமும் வந்து நிற்பாய். நம் விமானங்கள் பத்திரமாகத் திரும்பின என்று செய்தியில் சொல்வார்கள்.

"எல்லாமும்னு சொன்னானா, யாவாரி?"

"உன் மகன் எஞ்சின் பாக்குறவன்தானய்யா. மேல போறதே இல்லைன்னு அவனே சொன்னான்ல."

"நானும்தான் கரைக்குக் கிட்டத்துல போறேன்னு அவன் ஆத்தாகிட்டச் சொல்லிட்டுப் போறேன். எங்க போறேன்னு உனக்குத் தெரியாதாக்கும்?"

நான் ரேடியோவை அணைத்துவிட்டுத் தராசை எடுத்தேன்.

படம் வந்ததும் வேண்டாம் என்றுதான் சொன்னேன். "அவன் இருக்கிற எடம் எப்படின்னு பாத்துட்டு வாரேன்" என்றாய். தனியே விட மனமில்லாமல் கூடவே வந்தேன். இங்கிலீஷ் பேச்சு ஒன்றும் புரியவில்லை. ஆனால் விமானங்கள் வரிசையாக மேலே ஏறியபோது உன் உதடு அசைவதைப் பார்த்தேன். எண்ணிக்கொண்டிருந்தாய். கரையில் நின்று, திரும்பி வரும் வள்ளங்களின் பாய்களை எண்ணிப் பழகிய கண். அதன்பின் ஒரே புகை, தீ, காதைக் கிழிக்கிற சத்தம். என் முழங்காலை நீ பிடித்த பிடியில் இரண்டு நாள் வலி இருந்தது.

விமானங்கள் இறங்கத் தொடங்கின. கடைசியாக வந்ததிலிருந்து கதாநாயகன் குதித்து இறங்கினான். ஒரு பெண் ஓடிவந்து கட்டிக்கொண்டாள். படம் முடிந்தது.

"ஒண்ணு கொறையுது" என்றாய்.

"சினிமாய்யா அது. எந்திரி."

நீ எழவில்லை. திரும்பிப் பார்த்தால் உங்கள் தெரு ஆட்கள் பாதிப்பேர் எழவில்லை. அவர்களும் எண்ணியிருக்கிறார்கள். ஒரு வள்ளம் வராமல் இருந்தால், கரையேறிய மற்றவர்கள் வீட்டுக்குப் போவதில்லை, வாயில் சோறு வைப்பதில்லை. இது உங்கள் கரையின் வழக்கம். கரையையே வாரிக்கொண்டு போன அந்தப் பெரும்புயலுக்குப் பிறகு அதை மீற யாருக்கும் துணிச்சலும் இல்லை.

ஆபரேட்டர் வந்து பார்த்தார். "என்ன சம்மாட்டி, அடுத்த ஆட்டத்துக்கும் சேத்தா டிக்கெட் எடுத்தீக?"

"வராதது யாரோடது தம்பி?"

"அதை வெள்ளைக்காரன்கிட்டத்தான் கேக்கணும்."

உன் முகத்தைப் பார்த்தேன். ரேடியோ முன்னால் இத்தனை நாள் அடக்கி வைத்திருந்த பயம் முழுவதும் அங்கே வந்து நின்றது. யாவாரத்தில் எத்தனையோ பேரைப் பேசிச் சமாளித்தவன் நான். ஆபரேட்டரைப் பார்த்துக் கண்ணைக் காட்டிவிட்டு, "அந்த விமானம் வர்ற பிலிம் துண்டு அறுந்துபோச்சாம்ல? வெட்டி ஒட்டினியாமே?" என்றேன். ஆள் கெட்டிக்காரர். "ஆமாண்ணே, நேத்து அறுந்துச்சு. அது நல்லாத்தான் எறங்குச்சு. ஓட்டுனவன் சிகரெட் பத்த வச்சுக்கிட்டே வந்தான்" என்றார்.

நீ வேட்டியில் ஒட்டிய மணலைத் தட்டிவிட்டு எழுந்தாய். கூட்டமும் எழுந்தது. வாசலுக்கு வந்ததும் சொன்னாய்: "பொய்யின்னு தெரியுது, யாவாரி. இருந்தாலும் சோறு எறங்கும்."

சண்டை நின்றது. உன் மகன் லீவில் வந்தான். முழு உடம்போடு வந்தான். நீ அவனைச் சந்தைக் கிடாயைப் பார்ப்பதுபோல் சுற்றிச் சுற்றிப் பார்த்ததை நினைத்தால் இப்போதும் சிரிப்பு வருகிறது. அவன் கிளம்புவதற்குள்தான் அந்த வாடைக்காற்று. மற்ற வள்ளங்கள் எல்லாம் வந்தன, உன்னுடையது வரவில்லை. ஊரே சாப்பிடாமல் கரையில் நின்றது. உன் மகன் என் பக்கத்தில் நின்றான்.

"கிட்டத்துலதான் போறேன்னு சொன்னாரு மாமா" என்றான்.

அவனிடம் சொல்ல அறுந்த துண்டு எதுவும் எனக்குக் கிடைக்கவில்லை.

அன்றிலிருந்து, கடைசி வள்ளம் கரை சேரும்வரை நான் தராசைத் தூக்குவதில்லை. மீன் வெயிலில் நெகிழ்ந்துபோகிறது. மற்ற யாவாரிகள் முந்திக்கொண்டு நல்ல சரக்கை அள்ளிப்போகிறார்கள். "கருவாட்டுக்காரருக்குக் கிறுக்கு" என்று என் காதுபடவே பேசுகிறார்கள். நட்டம்தான், தெரிந்தே படுகிறேன்.

இதை எழுதும்போது பொழுது சாய்கிறது. கரை சேர்ந்த வள்ளங்களில் இன்றும் ஒரு பாய் குறைகிறது. இரண்டு தடவை எண்ணிவிட்டேன். தராசு கீழேதான் கிடக்கிறது.