ஜீப் சாவி என்னிடம் இருக்கிறது

அண்ணே, சாவியைத் தேடி வீட்டைப் புரட்டாதே. ஏலத்தோட்டத்து ஆட்களை இன்றைக்கு மலை மேலே கம்பம் மெட்டுக்கு நான் ஏற்றிப் போகிறேன்.

ராத்திரி குடித்தது விடிந்ததும் இறங்கிவிடாது. காப்பி குடித்தால் முழித்திருக்கிற குடிகாரன், குளித்தால் ஈரமான குடிகாரன், அவ்வளவுதான். ஈரல் தன் வேகத்தில்தான் வேலை பார்க்கும். ஹாரன் அடித்து அதை விரட்ட முடியாது. ஏலக்காய் மென்றால் வாய்தான் மணக்கும். கால் பிரேக்குக்குப் பிந்தித்தான் போகும்.

காய் பறிக்க வரும் மலையம்மா அக்கா நேற்றுச் சொன்னது: "ஒங்கண்ணன் வாயில ஏலக்கா மணந்துச்சுன்னா, வளைவெல்லாம் முடியிற வரைக்கும் நாங்க கண்ணத் தொறக்க மாட்டோம்டா." அவர்களோடு காய் பறிக்க வரும் மதினியும் பின்சீட்டில் அப்படித்தான் வருகிறாராம்.

சட்டியில் கஞ்சி இருக்கிறது. தண்ணீர் நிறையக் குடி. இனியும் குடித்தே தீருவேன் என்றால், சோறு தின்றுவிட்டுக் கொஞ்சமாகக் குடி. மறுநாள் ஜீப்பைத் தொடாதே.

மில் நைட் ஷிப்டை விட்டு ஓடிவந்த பயல் என்று தெருவுக்கே கேட்கும்படி என்னை ஏசினாய். சரிதான். தூக்கக் கண்ணோடு மெஷினில் கை வைக்கப் பயந்து ஓடிவந்தேன். அந்தப் பயம் உனக்கு வந்ததும் சாவியைக் கேள்.

மகிழன்

ஏலக்காய் டப்பாவையும் எடுத்துக்கொண்டேன். மதினி இன்றைக்கு முன்சீட்டில், கண்ணைத் திறந்துகொண்டு வருவார்.