முருகன் பாதத்துச் சிவப்புப் பூ

28.4.1974, ஞாயிறு. சிட்னி.

காலையில் பக்கத்து வீட்டு மனுவேல் கை நிறையச் சிவப்புக் கார்னேஷன் பூக்களோடு வந்தார். அவருடைய நாடான போர்த்துக்கல்லில் இராணுவமே எழுந்து கொடுங்கோலாட்சியை வீழ்த்திவிட்டது. படைவீரரின் துப்பாக்கிகளில் மக்கள் இந்தப் பூவைத்தான் செருகினார்களாம். நற்செய்தியோடு வந்த மலர் முருகனுக்கே உரியதென்று அத்தனையையும் அவன் திருவடியில் சாத்தினேன்.

"எங்கள் புரட்சியில் உங்கள் கடவுளுக்கும் பங்கா?" என்று சிரித்தார்.

மாலையில் மீண்டும் வந்தார். சிரிப்பு இல்லை.

"ஒரு பூவைத் திருப்பித் தருவீர்களா? மகனின் படத்துக்கு வைக்க மறந்துவிட்டேன். இன்று கடைகளும் பூட்டு."

ஊரில் விட்டுவந்த மகன். நாட்டை வறுமைக்குள்ளாக்கி அந்த அரசு ஆபிரிக்காவில் நடத்திய போரில் சென்ற மாதம் மாண்டவன்.

"இஞ்சேருங்கோ, சுவாமிக்குச் சாத்தின பூவைச் செத்த பிள்ளையின்ர படத்துக்குக் குடுக்கிறதே?" என்று மனைவி தடுத்தாள்.

"முருகனும் பிள்ளைதானே. கோவிக்க மாட்டான்," என்று ஒன்றை எடுத்துக் கொடுத்தேன்.

மனுவேல் பூவையே பார்த்துக்கொண்டு நின்றார். "போர் இனி நிற்குமாம். பிள்ளைகள் எல்லாரும் வீடு திரும்புவார்களாம்," என்றார்.

இரவு வழிபாட்டில், பூக்களின் நடுவே ஒன்று எடுத்த இடம் வெறுமையாகத் தெரிந்தது. மற்றவற்றை நகர்த்தி அதை மூட எனக்குக் கை வரவில்லை.