நூற்றுப் பன்னிரண்டு அரைகள்

பிப்ரவரி 3

காலையில் மேசைக்கு வந்ததும் பிழை திருத்த இரண்டு கட்டு அச்சு மெய்ப்பு காத்திருந்தது. ஒன்று நூலகத் துறையின் பட்டியல். படிக்கிறவருக்குத் தூக்கம் நிச்சயம். இன்னொன்று எக்ஸ்ரே தொழில்தர அவையின் ஆண்டறிக்கை. எக்ஸ்ரே எடுப்பவர்கள் ஒழுங்காக வேலை செய்கிறார்களா, அறைகள் பாதுகாப்பாக இருக்கின்றனவா என்று வருடா வருடம் நேரில் போய்ப் பார்த்து அரசுக்குச் சொல்ல வேண்டியது இந்த அவை. நடுவில் மூன்று வருடம் வெளியே அச்சடித்தார்கள். இப்போது மறுபடியும் எங்கள் அரசு அச்சகத்துக்கே வந்திருக்கிறார்கள்.

"சட்டசபைக்குப் போறதும்மா. மார்ச் பத்துக்குள்ள புத்தகமாயிடணும்" என்றார் மேலாளர்.

தலைமைத் திருத்துநர் நாற்காலி காலியாக இருக்கிறது. அடுத்தது நான்தான் என்று அச்சகம் முழுக்கப் பேச்சு. இருபத்திரண்டு வருடத்தில் என் பெயரில் ஒரு பிழை பதிவானதில்லை. அந்தக் கர்வம் எனக்கு உண்டு. இல்லை என்று எதற்குச் சொல்ல?

பிப்ரவரி 4

நூலகப் பட்டியல் முடிந்தது. கண் எரிகிறது.

பிப்ரவரி 5

எக்ஸ்ரே அறிக்கை, பக்கம் 31. "இவ்வாண்டில் மொத்தம் 112 அரைகள் நேரில் ஆய்வு செய்யப்பட்டன."

அறைகள் இருக்க வேண்டிய இடத்தில் அரைகள். சிவப்புப் பேனாவை எடுத்தேன் — கை நின்றுவிட்டது. இந்த வரியை எங்கேயோ படித்திருக்கிறேன்.

மதியம் சாப்பிடாமல் சேமிப்பறைக்குப் போய், நான்கு வருடத்துக்கு முன் நாங்கள் அச்சடித்த அறிக்கையைத் தேடி எடுத்தேன். பக்கம் 29. "மொத்தம் 97 அரைகள்." அலுவலகப் பிரதியின் கடைசிப் பக்கத்தில் 'படித்துச் சரிபார்த்தவர்' என்று ஒரு கையெழுத்து. என்னுடையது.

தூக்கிவாரிப்போட்டது. நானா? நான் விட்டேனா?

பிப்ரவரி 6

வெளியே அச்சடித்த மூன்று புத்தகங்களும் கிடைத்தன. 97, 101, 104, 109, 112 — எண் மட்டும்தான் மாறுகிறது. மற்றபடி அதே பத்தி, அதே அரைகள், அச்சு அசல். ஒருவராவது நிஜமாக ஒரு அறைக்குள் போயிருந்தால், ஒரு வரியாவது புதிதாக எழுதியிருக்க மாட்டாரா?

இந்த வருட மெய்ப்பின் பின்னிணைப்பைப் புரட்டினேன். என் தங்கை எக்ஸ்ரே எடுக்கும் மருத்துவமனையும் அதில் இருக்கிறது. "தரைத்தளம், நான்காம் அறை. ஈயக் கதவு அளக்கப்பட்டது. குறையில்லை." அவளுக்குப் போன் போட்டேன்.

"நாலாம் ரூமா? அந்தக் கட்டடத்தையே இடிச்சு ரெண்டு வருஷம் ஆச்சுக்கா. இப்ப அங்க ஆம்புலன்ஸ் நிக்குது."

"புது ரூமுக்காவது யாராச்சும் வந்தாங்களா?"

"கதவு சரியா மூடலன்னு நாங்க மூணு தடவ எழுதிக் குடுத்தாச்சு. ஒருத்தரும் எட்டிப் பாக்கல."

சிரித்துக்கொண்டே சொன்னாள். கதிரைத் தடுக்க வேண்டிய அந்தக் கதவுக்குப் பின்னால் தினம் எட்டு மணி நேரம் நிற்கிறவள் அவள்.

பிப்ரவரி 7

மேலாளரிடம் ஐந்தையும் காட்டினேன். நிதானமாகப் பார்த்தார்.

"நீங்க எழுத்தப் பாருங்கம்மா. எழுதினது நெசமான்னு பாக்கறது நம்ம வேலை இல்ல. அரைய அறையாக்கிட்டு அனுப்பிடுங்க." பிறகு குரலைத் தாழ்த்தி, "இத வெளிய எடுத்தா முதல்ல மாட்டறது உங்க கையெழுத்து. ப்ரமோஷன் நேரத்துல தேவையா?" என்றார்.

அவர் கெட்டவர் இல்லை. சொன்னதில் தப்பும் இல்லை. அதுதான் எரிச்சல்.

பிப்ரவரி 10

திருத்திவிட்டால் தடயம் போய்விடும். ர-வை அடித்து ற போட்டால் போதும், நாற்காலி எனக்கு. யாருக்குத் தெரியப்போகிறது? மூன்று நாளாக மற்ற பக்கங்களைத் திருத்திக்கொண்டு 31-ஐத் தள்ளித் தள்ளி வைக்கிறேன். என்ன பொம்பளை நான்.

பிப்ரவரி 11

விதிப் புத்தகத்தை எடுத்துப் பார்த்தேன். திருத்துநர் ஓரத்தில் கேள்விக்குறி போட்டால், எழுதிய அலுவலகம் எழுத்து மூலம் பதில் தர வேண்டும், அதில் அதன் தலைவர் கையெழுத்திட வேண்டும். அதுவரை அச்சு கிடையாது. இதுவரை நான் கேட்டதெல்லாம் 'இது ஆள் பெயரா, ஊர்ப் பெயரா?' என்கிற அளவில்தான்.

போட்டேன். பக்கம் 31 ஓரத்தில்: "? இவை எந்த ஆண்டின் அரைகள்? இதே பத்தி இதே பிழையுடன் முந்தைய நான்கு அறிக்கைகளிலும் உள்ளது. முதல் அறிக்கையில் பிழையைக் கவனிக்காமல் விட்டவர், கீழே கையெழுத்திடும் நான்." பின்னிணைப்பில்: "? இந்த அறை இப்போது இல்லை."

கையெழுத்து கோணலாகிவிட்டது. பரவாயில்லை, என்னுடையது என்று தெரிகிறது.

பிப்ரவரி 14

பதில் வந்தது. "அச்சுப் பிழை. திருத்தவும்." செயலர் கையெழுத்து மட்டும். தலைவர் கையெழுத்து எங்கே? திருப்பி அனுப்பினேன்.

பிப்ரவரி 18

அவையின் செயலர் நேரிலேயே வந்துவிட்டார்.

"ஒரு எழுத்துக்கு இவ்வளவு ரகளையா மேடம்?"

"ஒரு எழுத்துதான் சார். தலைவர் ஒரு கையெழுத்துப் போட்டாப் போதும்."

"அவர் போட மாட்டேங்கறார்."

"ஏன் சார்?"

செயலர், அருகில் நின்றிருந்த மேலாளர் பக்கம் திரும்பினார். என்னை விட்டுக்கொடுத்துவிடுவார் என்றுதான் நினைத்தேன். அவரோ, "விதி அப்படித்தான் சார் இருக்கு" என்று சொல்லிவிட்டுத் தன் அறைக்குப் போனார். மனுஷனுக்குக் கோயில் கட்டலாம் போலிருந்தது.

மார்ச் 10

கெடு முடிந்தது. அறிக்கை போகவில்லை. ஏன் என்று சட்டசபைக் குழு கேட்டிருக்கிறது. அவையையும் எங்களையும் சேர்த்து அழைத்திருக்கிறார்கள்.

மார்ச் 17

நீள மேசையில் நான்கு புத்தகங்களையும் மெய்ப்பையும் வரிசையாக விரித்து வைத்தேன். குழுத் தலைவி கண்ணாடியை மாற்றிக்கொண்டு அந்தப் பத்தியை ஒவ்வொன்றிலும் உரக்க வாசித்தார். ஐந்தாவது முறை உறுப்பினர்களும் கூடவே சொல்ல ஆரம்பித்துவிட்டார்கள், வகுப்பில் வாய்ப்பாடு ஒப்பிப்பது போல. அவைத் தலைவர் முகத்தில் ஈயாடவில்லை.

"இந்தப் பிழைய முதல்ல விட்டது யாரு?"

எழுந்து நின்றேன். "நான்தாங்க."

"நல்ல வேளை விட்டீங்க."

எல்லாரும் சிரித்தார்கள். சிரிப்பு அடங்கியதும் குழுத் தலைவி, அவைத் தலைவர் பக்கம் திரும்பினார். "போன வருஷம் நெசமா எத்தன ரூமுக்குப் போனீங்க?"

நெடுநேரம் காகிதத்தைப் புரட்டினார் மனிதர். "ஆறு."

மூன்று மாதத்துக்குள் எல்லா அறைகளுக்கும் போக வேண்டும். போனவர் பெயர், தேதி, அந்த அறையில் வேலை செய்பவர் கையெழுத்து மூன்றும் இருந்தால்தான் அறிக்கையை ஏற்பார்களாம். உத்தரவு அங்கேயே தட்டச்சாகிவிட்டது.

வெளியே வந்து கடைசி இரண்டு படியைக் குதித்தேன். ஐம்பத்து மூன்று வயதில். ஜெயித்துவிட்டேன். வேறென்ன எழுத? ஜெயித்துவிட்டேன்.

மார்ச் 24

பழைய பிழைக்கு விளக்கம் கேட்டு எனக்குக் குறிப்பாணை. நாற்காலி இந்த வருடம் இல்லை. கொடுக்கும்போது மேலாளர் என் முகத்தைப் பார்க்கவில்லை. வருத்தமே இல்லை என்று எழுதினால் அதுவும் பொய் அறிக்கை. வீட்டுக்கு வந்து அழுதேன். பிறகு விளக்கம் எழுதினேன், ஒரே வரி: "கவனிக்கவில்லை."

ஏப்ரல் 22

தங்கை போன் பண்ணினாள்.

"அக்கா, ரெண்டு பேர் மீட்டரோட வந்தாங்க. கதவு வழியா கதிர் கசியுதாம், நாங்க நிக்கற இடத்துக்கே. ரூமுக்கு சீல் வெச்சுட்டாங்க. புதுக் கதவு வர்ற வரைக்கும் எங்களுக்கு வேற ரூம்."

"கையெழுத்து வாங்கினாங்களா?"

"வாங்கினாங்க. என் பேர முழுசா எழுதினேன்க்கா."

 

ஏப்ரல் 30

இன்று மேசையில் லிஃப்ட் பராமரிப்போர் தர அவையின் ஆண்டறிக்கை. கட்டை இன்னும் அவிழ்க்கவில்லை. பதினோரு மணிக்கு அந்த அவையின் அதிகாரி மூச்சிரைக்க வந்தார். லிஃப்டில் வரவில்லை, நான்கு மாடியும் படியேறி வந்திருக்கிறார்.

"மேடம், படிக்க ஆரம்பிச்சுட்டீங்களா?"

"இன்னும் இல்ல சார்."

"அப்ப அத ஒரு மாசத்துக்குத் திருப்பிக் குடுங்க. போய்ப் பாத்துட்டு வந்துடறோம்."

கொடுத்தேன்.